சிரிப்பை எழுதும் மேடை: கிரேசி மோகனின் எழுத்து வாழ்வும் மலையகத்தின் நகைச்சுவையும்

தமிழ்த் திரைப்படங்களின் பெயர் அட்டையில் கதை, திரைக்கதை, வசனம் ஆகிய மூன்றையும் தனித்தனிப் பொறுப்புகளாகக் குறிப்பது நீண்டகால வழக்கமாகும். என்ன நடக்கிறது என்பதைக் கதை சொல்லும். நடப்பவற்றைக் காட்சிகளாகப் பிரித்து, எதை முதலில் காட்டுவது, எதை ஒளித்துவைப்பது என்று வகுப்பது திரைக்கதை. பாத்திரங்கள் வாய்திறந்து பேசுவது வசனம். சோகப் படத்தில் வசனம் எழுதியவரின் பெயரைப் பார்வையாளர் ஓரளவு நினைவில் வைத்துக்கொள்கிறார். நகைச்சுவைப் படத்திலோ சிரிப்புக்குரிய புகழ் முழுவதும் நடிகரிடமே சென்று சேர்கிறது. அந்தச் சொல்லை அந்த இடத்தில் வைத்தவர் யார் என்று கேட்பவர் அரிது. இந்த வழக்கத்தை மீறி, நடிகரின் பெயரோடு தம் பெயரையும் மக்கள் நாவில் நிறுத்திய மிகச் சிலருள் கிரேசி மோகன் முதன்மையானவர். சென்னையின் ஒரு சிறு வட்டாரத்து வாழ்க்கையிலிருந்து பிறந்த அவருடைய எழுத்து, மொழியால் ஒன்றாயினும் வாழ்க்கையால் முற்றிலும் வேறான இலங்கை மலையகத்தின் ஹட்டன், நுவரெலியா தோட்டப்புறங்களிலும் சிரிப்பை எழுப்பியது. அது எவ்வாறு நிகழ்ந்தது என்பதும், பேச்சில் அத்தனை நகைச்சுவை கொண்ட மலையகத்திலிருந்து அத்தகைய எழுத்து ஏன் பெருகி வரவில்லை என்பதும் ஒரே ஆராய்ச்சியின் இரு பக்கங்களாகும். நகைச்சுவை எழுத்தாளரை உருவாக்குவதில் தனிமனிதத் திறமைக்கு இணையான பங்கு, தொடர்ந்து திறந்திருக்கும் ஒரு மேடைக்கும் உண்டு என்பதே மோகனின் வாழ்க்கை காட்டும் முதன்மையான செய்தி.

மோகனுக்கு முன்பிருந்த மரபைச் சுருக்கமாக நோக்கினால் அவருடைய இடம் தெளிவாகும். தமிழின் நவீன நாடகத்துக்கு அடித்தளமிட்டவர்களுள் ஒருவரான பம்மல் சம்பந்த முதலியார் 1891இல் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். அவருடைய நகைச்சுவை நாடகமான 'சபாபதி' 1941இல் திரைப்படமாயிற்று. அதே காலத்தில் என்.எஸ். கிருஷ்ணன் தமக்கென ஒரு குழுவை வைத்துக்கொண்டு, படத்தின் முக்கியக் கதையோடு ஒட்டியும் ஒட்டாமலும் ஓடும் நகைச்சுவைப் பகுதிகளைத் தாமே உருவாக்கிச் சேர்த்தார். இவ்வாறு தனியே எழுதி, தனியே படமாக்கி, பின்னர் படத்தில் இணைக்கப்படும் பகுதியைத் திரையுலகினர் 'காமெடி ட்ராக்' என்பர். கவுண்டமணி, செந்தில் காலத்தில் ஏ. வீரப்பன் இந்த வகையில் பெரும் வெற்றி கண்டார். 1989இல் வந்த 'கரகாட்டக்காரன்' அதற்குச் சான்று. மற்றொரு வழி, கதை முழுவதையுமே நகைச்சுவையால் கட்டுவது. 1964இல் வெளியான 'காதலிக்க நேரமில்லை' படத்தில் சித்ராலயா கோபுவும் ஸ்ரீதரும் அதைச் செய்து காட்டினர். மோகன் இந்த இரண்டாம் வழியைச் சேர்ந்தவர். அதை அவர் அடைந்தது திரைப்படத்தின் வழியாக அன்று, நாடக மேடையின் வழியாக.

1952 அக்டோபர் 16ஆம் தேதி பிறந்த மோகன், கிண்டி பொறியியல் கல்லூரியில் இயந்திரவியல் படித்தவர். 1972இல் கல்லூரிகளுக்கிடையிலான போட்டியொன்றுக்காக 'கிரேட் பேங்க் ராபரி' என்ற குறுநாடகத்தை எழுதி, எழுத்துக்கும் நடிப்புக்கும் பரிசு பெற்றார். அப்பரிசை வழங்கியவர், அப்போது வளர்ந்துவந்த இளம் நடிகரான கமல்ஹாசன். படிப்பு முடிந்தபின் சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தில் பொறியாளராக வேலைபார்த்துக்கொண்டே எழுத்தைத் தொடர்ந்தார். எஸ்.வி. சேகரின் நாடகப்பிரியா குழுவுக்காக 1976இல் அவர் எழுதிய 'கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' பெரும் வரவேற்பைப் பெற்றது. அந்த நாடகத் தலைப்பின் முதற்சொல்லே அவருடைய பெயரின் முன்னொட்டாக நிலைத்துவிட்டது. 1979இல் தம்பி மாது பாலாஜியும் நண்பர்களும் சேர்ந்த 'கிரேசி கிரியேஷன்ஸ்' என்ற சொந்தக் குழு உருவாயிற்று.

இந்தக் குழுவைப் புரிந்துகொள்வதற்குச் சென்னையின் சபா முறையைப் பற்றி அறிதல் வேண்டும். சபா என்பது உறுப்பினர்களின் ஆண்டுச் சந்தாவில் இயங்கும் கலைச் சங்கம். மாதந்தோறும் தன் உறுப்பினர்களுக்குக் கச்சேரியோ நாடகமோ அளிக்க வேண்டிய கடமை அதற்கு உண்டு. ஆகவே நகரின் பல பகுதிகளில் இயங்கிய சபாக்களுக்கு நாடகங்கள் இடைவிடாது தேவைப்பட்டன. வங்கியிலும் அலுவலகத்திலும் தொழிற்சாலையிலும் பகலில் வேலைபார்த்து, மாலையில் ஒத்திகை பார்த்து, வார இறுதியில் மேடையேறிய அமெச்சூர் குழுக்கள், அதாவது நாடகத்தைப் பிழைப்பாகக் கொள்ளாத குழுக்கள், அந்தத் தேவையை நிறைவேற்றின. சந்தாவின் பலத்தால் அரங்கில் ஆட்கள் முன்கூட்டியே உறுதி. குழுவின் பலத்தால் நடிகர்கள் உறுதி. எழுத்தாளர் அஞ்ச வேண்டியது ஒன்றே ஒன்றுதான்: தாம் சிரிப்பு வரும் என்று நம்பி எழுதிய இடத்தில் அரங்கம் மௌனமாக இருந்துவிடுமோ என்பது.

அந்த அச்சத்தைவிட நல்ல ஆசிரியர் நகைச்சுவை எழுத்தாளருக்கு இல்லை. ஒரே நாடகத்தைப் பல பத்து முறை, சில நாடகங்களைப் பல நூறு முறை மேடையேற்றிய குழுவில், எழுதியவரே அரங்கில் இருந்து எந்தச் சொல்லுக்குச் சிரிப்பு எழுகிறது, எந்தச் சிரிப்பு அடுத்த சொல்லை விழுங்கிவிடுகிறது, எங்கே நடிகர் அரை நொடி பொறுக்க வேண்டும் என்பனவற்றைக் காதால் அளந்து, அடுத்த காட்சிக்குள் திருத்திவிட முடிகிறது. மோகனின் வசனங்களில் காணப்படும் நெருக்கம், ஒரு சிரிப்பு அடங்குமுன் அடுத்தது தொடங்கும் அந்த வேகம், இத்தகைய திருத்தங்களின் விளைவாகவே இருக்க வேண்டும். 'மேரேஜ் மேட் இன் சலூன்', 'மாது மிரண்டால்', 'அலாவுதீனும் 100 வாட்ஸ் பல்பும்', 'ஜுராசிக் பேபி', 2008இல் தொடங்கிய 'சாக்லேட் கிருஷ்ணா' எனத் தொடரும் அவருடைய நாடகங்களில் மாதுவும் ஜானகியும் மீண்டும் மீண்டும் வருவதைக் காணலாம். தம்மைப் பள்ளியில் ஊக்குவித்த ஆசிரியையின் நினைவாக நாயகிகளுக்கு ஜானகி என்று பெயரிட்டார் மோகன். 'அபூர்வ சகோதரர்கள்', 'மகளிர் மட்டும்', 'அவ்வை சண்முகி', 'தெனாலி', 'வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.' ஆகிய படங்களிலும் ஒரு ஜானகி இருக்கிறார். மேடையில் மலர்ந்த எழுத்து திரைக்குப் போனபோதும் தன் வீட்டை மறக்கவில்லை என்பதற்கு இதைவிட அன்பான அடையாளம் வேண்டியதில்லை.

'மேரேஜ் மேட் இன் சலூன்' நாடகத்தைக் கே. பாலசந்தர் 1983இல் 'பொய்க்கால் குதிரை' என்ற பெயரில் படமாக்கினார். ஆயினும் திரையில் மோகனின் காலம் உண்மையில் தொடங்கியது, சிங்கீதம் சீனிவாச ராவ் இயக்கி 1989இல் வெளிவந்த 'அபூர்வ சகோதரர்கள்' படத்தோடுதான். பஞ்சு அருணாசலத்தின் கதைக்குக் கமல்ஹாசன் திரைக்கதை அமைத்த அந்தப் படம் அடிப்படையில் ஒரு பழிவாங்கல் கதை. தந்தையைக் கொன்றவர்களைச் சர்க்கஸில் வேலைசெய்யும் குள்ளமான அப்பு ஒவ்வொருவராகக் கொல்கிறான். அவனுடைய இரட்டைச் சகோதரனான மெக்கானிக் ராஜாவின் மேல் சந்தேகம் விழுகிறது. இத்தகைய கதையில் நகைச்சுவையைத் தனித் தடமாக ஓடவிட்டிருந்தால் இரண்டும் ஒன்றையொன்று கெடுத்திருக்கும். மோகன், விசாரிக்கும் காவல் துறை அதிகாரியாக வந்த ஜனகராஜின் வாயிலும் அவருக்குத் துணைநிற்கும் காவலராக வந்த ஆர்.எஸ். சிவாஜியின் வாயிலும் சிரிப்பை வைத்தார். கொலையைத் துப்பறிவதுதான் அவர்கள் வேலை. அதையே அவர்கள் தப்பும் தவறுமாகச் செய்வதுதான் நகைச்சுவை. எனவே சிரிப்பு எழும் ஒவ்வொரு காட்சியும் கதையை ஓர் அடி முன்னகர்த்துகிறது.

அடுத்த ஆண்டு தீபாவளிக்கு வந்த 'மைக்கேல் மதன காமராஜன்' மோகனின் வசனக் கலை முழுமையடைந்த படம் என்பதில் ஐயமில்லை. பிறந்தவுடன் பிரிந்த நான்கு சகோதரர்கள், நால்வரும் கமல்ஹாசனே. முகம் ஒன்றாகிவிட்டபோது அவர்களைப் பிரித்துக்காட்டப் பேச்சைத் தவிர வேறு உறுதியான கருவி இல்லை. சமையற்காரரான காமேஸ்வரன் பாலக்காட்டுத் தமிழ் பேசுகிறார். தீயணைப்புப் படையின் ராஜு சென்னைத் தெருத்தமிழ் பேசுகிறார். வெளிநாட்டில் படித்த மதனின் தமிழில் ஆங்கிலத் தோரணை ஏறியிருக்கிறது. கள்ளநோட்டுக் கும்பலில் வளர்ந்த மைக்கேலின் பேச்சில் முரட்டுத்தனம். கண்களை மூடிக்கொண்டு கேட்டாலும் யார் பேசுகிறார் என்று சொல்லிவிடலாம். இறுதியில் நால்வரும் ஒரே இடத்தில் சேரும்போது ஆள்மாறாட்டம் தானாகவே பெருகுகிறது. மலைமுகட்டில் ஊசலாடும் வீடு சாப்ளினின் 'தி கோல்ட் ரஷ்' படத்தை நினைவூட்டினாலும், அதற்குள் நடக்கும் பேச்சு முற்றிலும் தமிழுக்கே உரியது.

மோகனின் வசன முறையைச் சற்று விரிவாக ஆராய வேண்டும். பழைய இலக்கணிகள் சிலேடை என்று அழைத்தது ஒரே சொல் இரு பொருள் தருவதை. கேட்பவர் இரண்டு பொருளையும் ஒருங்கே உணர்ந்து புலவரின் திறமையை மெச்சுவது அதன் பயன். மோகனிடம் சிலேடை வேறு வேலை செய்கிறது. பேசும் இருவரில் ஒருவர் ஒரு பொருளையும் மற்றவர் இன்னொரு பொருளையும் உண்மையாகவே பிடித்துக்கொள்கின்றனர். இருவரும் தத்தம் பொருளில் முற்றிலும் நியாயமாகப் பேசுகின்றனர். அந்த நியாயமே குழப்பத்தை வளர்க்கிறது. தோட்டத்து மருந்தகத்தில் நடப்பதாக ஓர் உரையாடலைக் கற்பனை செய்துகொள்ளலாம். "வீட்டுல பெரியவுங்க யாரு?" என்று கேட்கிறார் மருந்தாளர். "தூணுதாங்க, கூரைய முட்டிக்கிட்டு நிக்குது" என்கிறார் வந்தவர். "ஆளச் சொல்லுய்யா." "ஆளுன்னா எங்க மச்சான்தாங்க, ஆறடி." "வயசுல பெரியவுங்கள கேட்டேன்." "அப்படீன்னா பாட்டிங்க. ஆனா அது கூரைய முட்டாதுங்களே." இங்கே விடைசொல்பவர் முட்டாள் அல்லர், முதலில் பிடித்த பொருளைக் கடைசிவரை விடாமல் காப்பாற்றும் நேர்மையாளர். மோகனின் பாத்திரங்கள் இவ்வாறு நேர்மையாகவே தவறாகப் புரிந்துகொள்வதால்தான் அவர்கள் மேல் பார்வையாளருக்கு வெறுப்பு எழுவதில்லை. அடித்தும் உதைத்தும் உருவத்தைப் பழித்தும் சிரிப்பு தேடிய அன்றைய பொது வழக்கோடு ஒப்பிட்டால் இந்த வேறுபாடு பெரிது.

1994இல் சிங்கீதம் சீனிவாச ராவ் இயக்கிய 'மகளிர் மட்டும்' இக்கட்டுரையின் நோக்கில் தனிக் கவனத்துக்குரியது. ஹாலிவுட்டின் 'நைன் டு ஃபைவ்' என்ற 1980ஆம் ஆண்டுப் படத்தின் கருவைத் தழுவிய அதில், ஒரே நிறுவனத்தில் வேலைசெய்யும் மூன்று பெண்கள் தங்களுக்குத் தொல்லை தரும் மேலாளரைச் சிறைப்பிடிக்கின்றனர். மூவருள் ஒருத்தி துப்புரவுத் தொழிலாளி. வேலைத்தலத்தில் பெண்கள் படும் பாலியல் தொல்லை என்ற கசப்பான பொருளை எடுத்துக்கொண்டு, பாதிக்கப்பட்டவர்களைப் பார்த்துச் சிரிக்க வைக்காமல் தொல்லை தந்தவரையே சிரிப்புக்கு ஆளாக்கிய துணிவு அந்த எழுத்தில் உள்ளது. ஒரு சொல்லும் பேசாத பிணமாக நாகேஷ் நடித்த காட்சி அந்தப் படத்தின் புகழ்பெற்ற பகுதியாயிற்று. பேசாதவரைச் சுற்றி மற்றவர் பேசும் பேச்சாலேயே சிரிப்பைக் கட்ட முடியும் என்பதை அது மெய்ப்பித்தது. வேலை, கூலி, மேலாளர் ஆகியவை நகைச்சுவையின் பொருளாகலாம் என்பதற்குத் தமிழில் இதுபோன்ற எடுத்துக்காட்டுகள் குறைவு. ஆயினும் மோகனின் நகைச்சுவை எல்லா இடத்திலும் இத்தகைய நியாயத்தோடு நின்றதாகச் சொல்வதற்கில்லை. அடுத்த ஆண்டு வந்த 'சதிலீலாவதி' மனைவியின் பருத்த உடலைச் சிரிப்பின் தொடக்கப் புள்ளியாக்கியது. மட்டக்களப்பில் பிறந்த பாலு மகேந்திரா இயக்கிய அந்தப் படத்தில் கமல்ஹாசனும் கோவை சரளாவும் பேசும் கொங்குத் தமிழின் இனிமைதான் அந்தக் குறையை மறக்கச் செய்கிறது.

'அவ்வை சண்முகி' (1996), 'காதலா காதலா' (1998), 'பம்மல் கே. சம்பந்தம்' (2002), 'பஞ்சதந்திரம்' (2002) என்று இந்த வரிசை நீண்டது. இவற்றுள் 'அவ்வை சண்முகி' அமெரிக்கப் படமான 'மிஸஸ் டவுட்ஃபயர்' என்பதன் கருவைக் கொண்டது. இவ்வாறு பிறமொழிக் கருவை எடுத்தாள்வது குறித்துக் கடுமையான விமர்சனங்கள் உண்டு. ஆனால் நகைச்சுவையில் கரு ஒரு சிறு பகுதியே. மேற்கு ஜெர்மனியில் வொல்ஃப்காங் மெங்கே என்ற திரை எழுத்தாளர், 1960களின் பிரித்தானியத் தொலைக்காட்சித் தொடரொன்றைத் தழுவி 1973இல் ஒரு நகைச்சுவைத் தொடரை எழுதினார். நிலக்கரியும் எஃகும் விளைந்த ரூர் தொழிற்பகுதியில் வரிசை வீடொன்றில் வாழும், எவரையும் ஏசும் ஆல்ஃபிரட் என்ற குடும்பத்தலைவனை மையமாகக் கொண்ட அத்தொடர், அந்நாட்டின் அன்றைய அரசியல் சண்டைகளைச் சமையலறை மேசைக்குக் கொண்டுவந்து, ஜெர்மானியத் தொலைக்காட்சி வரலாற்றில் அழியாத இடத்தைப் பெற்றது. மெங்கேவுக்குப் பின்னால் பொதுநிதியில் இயங்கிய மேற்கு ஜெர்மானிய ஒலிபரப்பு நிறுவனம் இருந்தது. அதே தலைமுறையின் மற்றொரு பெரும் நகைச்சுவையாளரான லோரியோவுக்கு ரேடியோ பிரேமன் இருந்தது. மோகனுக்குச் சபாக்கள் இருந்தன. பணம் எங்கிருந்து வந்தது என்பதில் வேறுபாடு உண்டு. எழுத்தாளர் மறுபடியும் மறுபடியும் எழுதிப் பழக இடம் இருந்தது என்பதில் வேறுபாடு இல்லை.

2000ஆம் ஆண்டு தீபாவளியன்று, அக்டோபர் 26ஆம் தேதி, கே.எஸ். ரவிகுமாரின் இயக்கத்தில் வெளியான 'தெனாலி', மோகனின் எழுத்து இலங்கையை நேரடியாகத் தொட்ட படம். எதைக் கண்டாலும் அஞ்சும் ஈழத் தமிழரான தெனாலி சோமன், மனநல மருத்துவரான கைலாஷைத் தேடிக் கொடைக்கானல்வரை செல்கிறார். யாழ்ப்பாணத் தமிழில் அமைந்த பேச்சுக்காகக் கமல்ஹாசன் இலங்கை வானொலியின் புகழ்பெற்ற அறிவிப்பாளர் பி.எச். அப்துல் ஹமீதின் உதவியைப் பெற்றார். அப்துல் ஹமீத் படத்திலும் தோன்றினார். போரில் சிதைந்த ஒருவரின் அச்சத்தைச் சிரிப்பாக்கலாமா என்ற கேள்வி இயல்பானதே. படத்தின் நடுவே தெனாலி தன் அச்சத்தின் காரணத்தை விளக்கும்போது சிரிப்பு நின்றுவிடுகிறது. அதுவரை சிரித்த சிரிப்பை எண்ணிப் பார்வையாளர் கூச வேண்டும் என்று அந்த இடம் எழுதப்பட்டிருக்கிறது. படம் வெளியானதற்கு முதல்நாள், அக்டோபர் 25ஆம் தேதி, ஊவா மாகாணத்தில் பண்டாரவளைக்கு அருகே உள்ள பிந்துனுவெவ புனர்வாழ்வு முகாமில் தடுத்துவைக்கப்பட்டிருந்த தமிழ் இளைஞர்கள் இருபதுக்கும் மேற்பட்டோர் கும்பலொன்றால் கொல்லப்பட்டனர். மலையகத் தமிழர் அந்தத் தீபாவளியைக் கழித்தது அந்தச் செய்தியோடுதான். அச்சம் என்பது தெனாலிக்கு மட்டுமே உரிய நோயன்று என்பதை அவர்களுக்கு எவரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

அப்துல் ஹமீத் வழியாகச் செல்லும் இழையைப் பின்தொடர்ந்தால் இலங்கைத் தமிழ் நகைச்சுவை எழுத்தின் பொற்காலத்தை அடையலாம். அதன் மேடை வானொலி. 'சானா' என்று அறியப்பட்ட எஸ். சண்முகநாதனின் காலத்தில் 'லண்டன் கந்தையா' போன்ற தொடர்நாடகங்கள் வீட்டுக்கு வீடு கேட்கப்பட்டன. பேருந்து நடத்துநரின் பேச்சை அப்படியே உரித்துவைத்த கே.எஸ். பாலச்சந்திரனின் 'அண்ணை றைற்' என்ற தனிநடிப்பு ஒரு தலைமுறையின் பொது நினைவாயிற்று. இவ்வரிசையில் எஸ். ராம்தாஸ் எழுதி நடித்த 'கோமாளிகளின் கும்மாளம்' தனித்து நிற்கிறது. இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் ஒலிபரப்பிய அத்தொடரில் முஸ்லிம் தமிழ் பேசும் மரிக்காராக ராம்தாஸும், யாழ்ப்பாணத் தமிழ் பேசும் அப்புக்குட்டியாக டி. ராஜகோபாலும், சிங்களவர் பேசும் தமிழைப் பேசும் உபாலியாக எஸ். செல்வசேகரனும் தோன்றினர், ஐயர் ஒருவரும் அவர்களோடு உண்டு. பாத்திரப் பெயர்கள் நடிகர்களின் பெயரோடு ஒட்டிக்கொண்டு 'மரிக்கார் ராம்தாஸ்', 'அப்புக்குட்டி ராஜகோபால்', 'உபாலி செல்வசேகரன்' என்றே அவர்கள் வாழ்நாள் முழுவதும் அழைக்கப்பட்டனர். 1976இல் எஸ். ராமநாதனின் இயக்கத்தில் இத்தொடர் 'கோமாளிகள்' என்ற திரைப்படமாகி வெற்றிபெற்றது. 1978இல் 'ஏமாளிகள்' தொடர்ந்தது. ராம்தாஸ் 2016 ஜூலையில் சென்னையில் காலமானார். 'மைக்கேல் மதன காமராஜன்' வருவதற்குப் பதினான்கு ஆண்டுகளுக்கு முன்பே, நான்கு வகைத் தமிழை ஒரே காட்சியில் மோதவிட்டுச் சிரிப்பெழுப்பும் முறையை இலங்கை கண்டுவிட்டது என்பதை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும்.

அந்த நான்கு குரல்களில் தோட்டத் தொழிலாளியின் குரல் இடம்பெறவில்லை. இலங்கையில் 35 மில்லிமீட்டரில் எடுக்கப்பட்ட முதல் தமிழ்ப் படத்தின் பெயரே 'தோட்டக்காரி' (1963) என்பதை எண்ணும்போது இந்த இன்மை மேலும் உறுத்துகிறது. மலையகத் தொழிற்சங்கத் தலைவரான வி.பி. கணேசன் தயாரித்து நடித்த 'புதிய காற்று' (1975) தோட்ட வாழ்வைத் திரைக்குக் கொண்டுவந்தது. 'நான் உங்கள் தோழன்' (1978), 'நாடு போற்ற வாழ்க' (1981) ஆகியவை அதைத் தொடர்ந்தன. தோட்ட மக்கள் திரையில் இல்லாமல் இல்லை. துயரத்துக்கும் போராட்டத்துக்கும் உரியவர்களாக இருந்தனர். சிரிப்புக்கு உரியவர்கள் கொழும்பிலிருந்தும் யாழ்ப்பாணத்திலிருந்தும் வந்தனர். 1983 ஜூலை வன்முறைக்குப் பின்னர் இலங்கைத் தமிழ்ப் படத் தயாரிப்பே பெரும்பாலும் நின்றுபோனதால் இந்தச் சமமின்மையைச் சரிசெய்ய வாய்ப்பும் கிட்டவில்லை. 1982இல் ஒளிபரப்பைத் தொடங்கிய ரூபவாஹினியில் தமிழுக்குக் கிடைத்த நேரம் சிறிது. பின்னர் தோட்டத் தொழிலாளரின் வரிசைக் குடியிருப்புகளான லயங்களின் கூரைகளில் டிஷ் அன்டெனாக்கள் ஏறியபோது, சென்னையின் சிரிப்பு நாள்முழுதும் தோட்டத்துக்குள் கொட்டத் தொடங்கியது. மோகனின் தொலைக்காட்சித் தொடர்களும் படங்களும் அவ்வழியே வந்தவைதாம்.

துயரத்தை மட்டும் எழுதுவது அந்த மக்களைப் பற்றிய உண்மையில் பாதியை விட்டுவிடுவதாகும். சிரிக்க வைக்கும் பாத்திரத்துக்கு விரைவான அறிவு வேண்டும், எதிராளியின் சொல்லைப் பிடித்துத் திருப்பும் வல்லமை வேண்டும்; ஒரு சமூகத்துக்கு நகைச்சுவைப் பாத்திரத்தை அளிப்பது அதன் அறிவை ஒப்புக்கொள்வதுமாகும். மலையகத்தில் அதற்கான பொருள் ஏராளமாக உள்ளது. விடியலில் பிரட்டுக்களத்தில், அதாவது வேலைக்கு ஆள் பிரிக்கும் திடலில், கங்காணிக்கும் தொழிலாளிக்கும் நடக்கும் சொல்லாட்டம். கொழுந்து நிறுக்கும்போது தராசைப் பார்த்தும் கணக்கப்பிள்ளையைப் பார்த்தும் பெண்கள் வீசும் இரட்டைப் பேச்சு. நிறை குறைந்தால் 'அரைப்பேர்' போட்டு நாட்கூலியில் பாதியை வெட்டும் வழக்கத்தைப் பற்றிய கேலி. துரையின் தமிழை அச்சொட்டாகப் பேசிக்காட்டும் லயத்து இளைஞர்கள். கங்காணியையும் துரையையும் எள்ளும் பாடல்கள் மலையக நாட்டார் பாடல்களில் தனி வகையாகவே உண்டு. அத்தகைய பாடல்களைத் திரட்டிக் காத்ததில் சி.வி. வேலுப்பிள்ளையின் பணி மறக்கத்தக்கதன்று. மாசி மாதத்துக் காமன் கூத்தில், சிவனின் நெற்றிக்கண்ணால் எரியும் காமனின் கதைக்கு இடையிலும் கோமாளிக்கு இடமுண்டு. எழுத்திலக்கியத்தில், கொழுந்து நிறுவையையே மையமாகக் கொண்ட 'ஒரு கூடைக் கொழுந்து' கதையை எழுதிய என்.எஸ்.எம். ராமையா, அந்தக் களத்துப் பேச்சு எத்தனை கூர்மையானது என்பதை நுட்பமாகக் காட்டியவர்.

பொருள் இருந்தும் எழுத்து பெருகாததன் காரணத்தைத் திறமைக் குறைவில் தேடுவது அநீதியாகும். மோகனின் வாழ்க்கையோடு ஒப்பிட்டால் விடை வேறிடத்தில் கிடைக்கிறது. தோட்டத்தில் நாடகம் மேடையேறும் நாள், பெரும்பாலும் மாரியம்மன் கோயில் திருவிழாவின் ஓர் இரவு. அதற்காக வாரக்கணக்கில் ஒத்திகை நடக்கும். அந்த இரவோடு நாடகம் முடிந்துவிடும். எந்த வசனத்துக்குச் சிரிப்பு வரவில்லை என்பதை எழுதியவர் கண்டுகொண்டாலும் அதைத் திருத்தி அடுத்த வாரம் மறுபடி சோதிக்க அவருக்கு வழியில்லை. சந்தா கட்டி ஒவ்வொரு மாதமும் நாடகம் பார்க்க வருமாறு நாட்கூலித் தொழிலாளரைக் கேட்க முடியாது. சென்னையின் அமெச்சூர் குழுவினருக்கு மாதச் சம்பளமும் ஓய்வான மாலையும் நகரப் பேருந்தும் இருந்தன. மலைச்சரிவில் நின்று கொழுந்து பறித்துவிட்டு லயத்துக்குத் திரும்புகிறவருக்கு அம்மூன்றும் எட்டாதவை. ஹட்டன், நுவரெலியா, தலவாக்கலை நகரங்களில் மண்டபங்கள் உண்டு. ஆனால் ஒரே குழு ஒரே நாடகத்தை இந்நகரங்களுக்கிடையே மாதந்தோறும் சுற்றிவரச் செய்யும் அமைப்பு வேரூன்றவில்லை.

பள்ளி மட்டத்தில் நிலைமை அத்தனை மோசமன்று. தமிழ்மொழித் தினப் போட்டிகளில் மலையக மாணவர் நாடகங்களை எழுதி மேடையேற்றுகின்றனர். மோகனின் தொடக்கமும் ஒரு மாணவர் போட்டியே. 1972இல் பெற்ற பரிசுக்கும் 1976இன் வெற்றி நாடகத்துக்கும் 1979இல் அமைந்த குழுவுக்கும் இடையே அவரை எழுத்திலிருந்து விலகாமல் வைத்திருந்தது, அடுத்த நாடகத்தை எதிர்பார்த்துக் காத்திருந்த ஓர் அரங்கம். வெண்பா எழுதுவதிலும் ஓவியம் வரைவதிலும் ஈடுபாடு கொண்டிருந்த அவர், திரையுலகில் புகழின் உச்சியில் இருந்தபோதும் மேடையை விடவில்லை. 2019 ஜூன் 10ஆம் தேதி தம் 66ஆம் வயதில் காலமாகும்வரை குழுவோடு இணைந்தே இருந்தார். மலையகத்தின் நகைச்சுவை எழுத்தாளர் தோட்டப் பாடசாலையில் எழுதிய நாடகத்துக்குச் சான்றிதழ் பெற்றதும் மேற்படிப்புக்கோ கொழும்பில் கடைவேலைக்கோ போய்விடுகிறார். அவர் எழுதிய கங்காணிப் பாத்திரத்துக்கு இரண்டாம் முறை மேடையேறும் வாய்ப்பை அளிக்க வேண்டியவர்கள் பிரதேச கலாசார அமைப்புகள், வானொலி நிலையங்கள், தோட்டத்துக் கோயில் நிர்வாகங்கள், தொழிற்சங்கங்களின் கலைப் பிரிவுகள் ஆகியோர். ஒரு தோட்டத்துத் திருவிழாவில் ஆடிய நாடகத்தை அடுத்த தோட்டத்துத் திருவிழாவுக்கு அழைப்பதற்குப் பெரிய செலவு ஏதும் ஆகாது. ஒரு லொறியும், இரண்டு கோயில் நிர்வாகங்களுக்கிடையே ஓர் உடன்பாடும் போதும்.